தண்டையார்பேட்டை மழை வண்டி

குழாயைத் திறந்தால் தண்ணீருக்குப் பதிலாக நீண்ட பெருமூச்சு மட்டும் வந்துகொண்டிருந்த ஒரு கோடையில், பட்டணத்துக்குத் தண்ணீர் தந்த ஏரிகளெல்லாம் பாளம் பாளமாக வெடித்து, அவற்றின் நடுவில் பிள்ளைகள் ஸ்டம்ப் நட்டுக் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தபோது, தண்டையார்பேட்டையிலிருந்து அடையாற்றுக்கு ஓடிய நகரப் பேருந்து ஒன்றின் உள்ளே மழை பெய்யத் தொடங்கியது. வெளியே பெய்யவில்லை. கூரைக்கு மேலே தகரத்தைத் தொட்டால் கை கொப்பளித்துப்போகும் வெயில். கூரைக்குக் கீழே, விளக்குகளுக்கும் கைப்பிடிக் கம்பிகளுக்கும் நடுவிலிருந்து, சீராக, கனமாக, இடியும் மின்னலும் இல்லாத நல்ல ஐப்பசி மழை.

செய்தி வந்து சேர்ந்தபோது போக்குவரத்துக் கண்காணிப்பாளர் பூபாலன் ஆச்சரியப்படவில்லை, எரிச்சல்தான் பட்டார். ஆச்சரியப்பட அவருக்கு நேரம் கிடைத்ததே இல்லை. விடிந்தால் தொலைபேசி அலறும். ஒரு பணிமனையில் டயர் இல்லை என்பார்கள், இன்னொன்றில் டிரைவர் வரவில்லை என்பார்கள், குடிநீர்க் குழாய் பதிக்கிறோம் என்று ஒரு தெருவைத் தோண்டிப் போட்டவர்கள் அதை மூடாமலே அடுத்த தெருவைத் தோண்டப் போயிருப்பார்கள், மந்தைவெளியில் சாமி ஊர்வலம், மவுண்ட் ரோட்டில் கட்சி ஊர்வலம். பட்டணத்தின் ஒவ்வொரு வண்டியும் எந்த வேளையில் எங்கே நிற்க வேண்டும் என்று அவரே பல வண்ண மையில் வரைந்த கால அட்டவணை, அவருடைய நாற்காலிக்குப் பின்னால் சுவர் முழுக்க ஒட்டியிருந்தது. ஒரு நாளும் ஒரு வண்டியும் அதன்படி ஓடியதில்லை. அதனால் அவர் அந்தச் சுவருக்கு முதுகைக் காட்டியே உட்கார்ந்திருப்பார்.

"சார், டிக்கெட்டெல்லாம் நனைஞ்சு கூழாப் போச்சு" என்றார் அந்த வண்டியின் நடத்துநர் ஞானப்பிரகாசம். அவருடைய காக்கிச் சட்டையிலிருந்து அலுவலகத் தரையில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"கூரை ஒழுகுதா?"

"ஒழுகணும்னா மேல மழை பெய்யணும் சார். இது உள்ள பெய்யுது."

"வண்டி ஓடுதா?"

"ஓடுது."

"ஆள் ஏறுறாங்களா?"

"நேத்தைவிட ஜாஸ்தியா ஏறுறாங்க."

"அப்புறம் என்ன? டிக்கெட்டை பிளாஸ்டிக் பையில போட்டுக்கிட்டு வண்டிய எடுங்க. என்கிட்ட மாத்து வண்டி இல்ல."

இருந்தாலும் மனம் கேட்காமல் வண்டியை ஒருமுறை பணிமனைக்கு அனுப்பினார். அங்கே கூரைத் தகரத்தைக் கழற்றி மாற்றினார்கள், ஆணிகளைப் பிடுங்கி வேறு ஆணிகளை அறைந்தார்கள், பிறகு சோதனைக்காக ஒரு சுற்று ஓட்டிப் பார்த்தார்கள். அன்று மாலை பணிமனை ஆட்கள் அத்தனை பேரும் தலைக்குக் குளித்து, தலை வாரி, விபூதி பூசிக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். கூரையில் குறையில்லை என்று அறிக்கை வந்தது.

பட்டணம் அந்த வண்டியைப் பழகிக்கொள்ள அதிக நாள் எடுக்கவில்லை. முதலில் ஏறியவர்கள் குடை பிடித்தார்கள். குடைக்கம்பி கண்ணில் குத்துகிறது என்று சண்டை வந்தது. பிறகு அலுவலகம் போகிறவர்கள் மாற்றுச் சட்டையைப் பையில் மடித்து வைத்துக்கொண்டு ஏறினார்கள். பிறகு சோப்பும் துண்டுமாக ஏறத் தொடங்கினார்கள். வண்டிக்குள் புகை பிடிக்கக் கூடாது, எச்சில் துப்பக் கூடாது, கை நீட்டக் கூடாது என்று எழுதியிருந்ததே தவிர, குளிக்கக் கூடாது என்று எங்கும் எழுதவில்லை என்பதை ஒரு பெரியவர் தலையில் நுரையோடு ஞானப்பிரகாசத்துக்கு எடுத்துச் சொன்னார். அதற்குள் குடங்கள் வந்துவிட்டன. பித்தளைக் குடம், அலுமினியக் குடம், பச்சையும் சிவப்பும் மஞ்சளுமாகப் பிளாஸ்டிக் குடம் என்று தண்டையார்பேட்டை நிறுத்தத்தில் பெண்களுக்கு முன்னால் குடங்கள் வரிசையில் நின்றன. பெண்கள் மடியில் குடத்தை வைத்துக்கொண்டு அடையாறு வரை போய், நிறைந்த குடத்தோடு இறங்காமல் அதே வண்டியில் திரும்பி வந்தார்கள். அடையாற்றில் ஏறக் காத்திருந்தவர்கள் கத்தினார்கள். தரைப் பலகையின் ஓட்டைகள் வழியாக ஒழுகிய தண்ணீர், வண்டி போன பாதையெங்கும் ஈரக் கோடாக நீண்டு கிடந்தது. அந்தக் கோட்டைப் பிடித்துக்கொண்டு நாய்களும் காக்கைகளும் போயின. கோட்டின் இரு ஓரத்திலும் புல் முளைத்தது. அந்தப் புல்லுக்காக மாடுகள் நடுரோட்டுக்கு வந்தன. மாடுகளால் மற்ற வண்டிகள் நின்றன. கடைசி சீட்டுக்கு அடியில் தவளைகள் குடியேறிவிட்டன என்று ஞானப்பிரகாசம் சொன்னபோது, பூபாலன் கண்ணை மூடிக்கொண்டார்.

அப்போதுதான் கன்னியம்மா வந்தாள். தண்டையார்பேட்டை சந்தில் காய்கறிக் கடை போட்டிருந்தவள். யாருக்கு வண்டியின் எந்த நடை, எந்தத் தெருவுக்கு எந்த வேளை என்று அந்தக் குட வரிசையை ஒழுங்குபடுத்தியவள் அவள்தான் என்று பின்னால் தெரிந்தது. காவலாளி தடுத்தும் நிற்காமல் நேராக அவருடைய மேசை முன்னால் வந்து நின்றாள்.

"நீதான் வண்டி வுடறவரா சார்?"

"உட்காருங்கம்மா. என்ன விஷயம்?"

"உக்கார வர்ல. நேத்து வண்டி மின்ட் ஸ்டாப்பாண்ட மாட்டிக்கிச்சு. வண்டி நின்னதும் மழையும் நின்னுபோச்சு. பாதித் தெரு வெறுங்கொடத்தோட எறங்குச்சு."

"மழைக்கு நான் பொறுப்பில்லம்மா."

"மழைக்கு யாரு உன்ன கேட்டா? டயத்துக்குக் கேக்கறேன். வண்டி டயத்துக்குப் போனா கொட்டுது. லேட்டானா தூறுது. நின்னா நின்னுடுது. பட்டணம் பூரா தெரிஞ்ச சங்கதி, உனக்குத் தெரியாதா?"

பூபாலனுக்குத் தெரியாது. அவர் ஞானப்பிரகாசத்தை வரவழைத்துக் கேட்டார். ஆமாம் சார் என்று அவர் தலையாட்டினார். உங்களுக்குத் தெரியும்னு நினைச்சேன் என்றார். பூபாலன் திரும்பித் தன் சுவர் அட்டவணையைப் பார்த்தார். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அவர் எல்லோரிடமும் கெஞ்சிக் கேட்டது அது ஒன்றைத்தான். நேரத்துக்கு எடுங்கள், நேரத்துக்கு ஏறுங்கள், நேரத்துக்கு வழிவிடுங்கள். ஒருவரும் காதில் போட்டுக்கொண்டதில்லை. இன்றைக்கு ஒருத்தி வந்து அதையே அவரிடம் கேட்கிறாள், அதுவும் குடம் நிறைய வேண்டும் என்பதற்காக.

"பாக்கலாம்" என்றார்.

"பாக்கறதெல்லாம் வாணாம் சார். வுடு."

அவர் விட்டார். ஆனால் அவர் செய்ததைவிடப் பட்டணம் செய்தது அதிகம். அந்த வண்டி வருகிறது என்றால் ரயில்வே கேட் மூடாது. நிலக்கரி ஏற்றிய கூட்ஸ் வண்டி அந்தப் பக்கம் காத்து நிற்கும். கல்யாண ஊர்வலம் மாப்பிள்ளையோடு சந்துக்குள் ஒதுங்கும். போலீஸ்காரர் மற்ற வண்டிகளையெல்லாம் ஒரு கையால் நிறுத்திவிட்டு மறு கையில் தன் வீட்டுக் குடத்தை ஜன்னல் வழியாக நீட்டுவார். சில்லறைக்காக நடத்துநரிடம் தர்க்கம் செய்தவனை வண்டியே திரும்பி முறைக்கும். ஏறுகிறவர்கள் வரிசையில் ஏறினார்கள், இறங்குகிறவர்கள் வண்டி நிற்பதற்குள் குதித்தார்கள். அந்த ஒரே வண்டி கடிகாரம் மாதிரி ஓடியது, உள்ளே கொட்டு கொட்டென்று கொட்டியது.

மற்ற வண்டிகள் எல்லாம் நாசமாயின. பெரம்பூர் வண்டி மழை வண்டிக்காக மின்ட்டில் நின்றது, அதனால் பெரம்பூர் வண்டிக்குப் பின்னால் அயனாவரம் வண்டி நின்றது, அதனால் சைதாப்பேட்டை வண்டி பாரிமுனைக்குள்ளேயே வர முடியவில்லை. தொலைபேசி முன்னைவிட அதிகமாக அலறியது. ஒரு வண்டிக்காக ஊரையே நிறுத்துவாயா என்று பெரம்பூர்க்காரர்கள் கேட்டார்கள்; எங்களுக்கு ஒரு மழை வண்டி கொடுக்கவில்லையே என்றும் அவர்களே கேட்டார்கள்.

வீட்டிலும் நிம்மதி இல்லை. "ஊருக்கெல்லாம் உங்க வண்டி தண்ணி குடுக்குது, நம்ம வீட்டு அண்டா காஞ்சு கெடக்குது" என்றாள் மனைவி அம்சவேணி.

"நான் அதிகாரி. என் வீட்டுக் குடம் அந்த வரிசையில நிக்கக் கூடாது."

"அப்ப அதிகாரி குளிக்காம போங்க."

அவர் குளிக்காமலே போனார். அந்த வாரம் ஒருநாள் ஜீப்பில் தண்டையார்பேட்டை வழியாகப் போகும்போது, நிறுத்தத்து வரிசையில் கல்யாணச் சீராக வந்த பித்தளைக் குடத்தோடு அம்சவேணி நிற்பதைப் பார்த்தார். முன்னால் நின்ற கன்னியம்மாவோடு ஏதோ சண்டை. டிரைவரிடம், நிறுத்தாமல் போ என்றார். இரவு சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது குழம்பில் நல்ல தண்ணீர்ச் சுவை இருந்தது. இரண்டாவது முறை சோறு கேட்டுப் போட்டுக்கொண்டார்.

இப்படியே போயிருந்தால் அந்தக் கோடை எப்படியோ கழிந்திருக்கும். ஆனால் மேலிடத்தில் ஒருவருக்கு யோசனை வந்தது. போக்குவரத்துக் கழகத்தின் நிர்வாக இயக்குநர் பூபாலனைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"ஒரு வண்டி நேரத்துக்கு ஓடினா ஒரு வண்டியில மழை பெய்யுது. சரிதானே?"

"அப்படித்தான் சொல்றாங்க சார்."

"எல்லா வண்டியும் நேரத்துக்கு ஓடினா?"

பூபாலன் அவருடைய முகத்தைப் பார்த்தார். விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

"சார், எல்லா வண்டியையும் நேரத்துக்கு விடுறதுக்கு டயர் வேணும். உதிரி பாகம் வேணும். ஆள் வேணும். தோண்டின ரோட்டை மூடணும். இத நான் வேலைக்குச் சேர்ந்த நாள்லேருந்து கேட்டுக்கிட்டிருக்கேன்."

"இப்ப கேளுங்க" என்றார் இயக்குநர்.

கேட்டார். கொடுத்தார்கள். அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. எங்கே இருந்தன என்று தெரியாத டயர்கள் லாரி லாரியாக வந்து இறங்கின. வருவதற்கு மூன்று நிதியாண்டு ஆகும் என்று எழுதிக் கொடுத்த உதிரி பாகங்கள் மூன்று நாளில் வந்தன. பள்ளங்களை மூடினார்கள், மூடிய இடத்தில் தாரும் போட்டார்கள். விடுப்பில் போன ஓட்டுநர்கள் திரும்பினார்கள், ஊர்வலங்களைத் தள்ளி வைத்தார்கள், நடைபாதைக் கடைகள் தாமாகவே உள்ளே நகர்ந்தன. பூபாலன் பணிமனை பணிமனையாகப் போய் நின்று இதையெல்லாம் பார்த்தார். புது டயர் ஒன்றைத் தடவிக் கொடுத்தார். இத்தனை வருஷம் பட்டணத்துக்குப் போக்குவரத்து வேண்டும் என்று கேட்டபோது இல்லாததெல்லாம் தண்ணீர் வேண்டும் என்றதும் இருக்கிறதே என்று நினைத்தபோது அவருக்குக் கண்ணில் நீர் வந்தது. பணிமனை ஆட்கள் அதை மகிழ்ச்சி என்று நினைத்தார்கள்.

கன்னியம்மா மறுபடி வந்தாள்.

"எல்லா வண்டிக்கும் வழி வுட்டா எங்க வண்டிக்கு யாரு சார் வழி வுடறது?"

"யாரும் யாருக்கும் வழி விட வேண்டாம். அவங்கவங்க நேரத்துல வந்தா யாரும் யார்மேலயும் இடிக்க மாட்டாங்க. அப்படித்தான் அட்டவணை போட்டிருக்கேன்."

"எங்க மழ போச்சுன்னா?"

"போகாது."

"போச்சுன்னா உன் ஆபீஸ் வாசல்ல கொடத்த ஒடைப்பேன் சார்" என்றாள். மிரட்டலாகச் சொல்லவில்லை, தகவலாகச் சொன்னாள்.

குறித்த நாள் வந்தது. பூபாலன் விடியும் முன்பே பாரிமுனையில் போய் நின்றுகொண்டார். எல்லாத் திசையிலிருந்தும் வண்டிகள் வந்து சேர்ந்து பிரியும் இடம் அது. முதலில் திருவொற்றியூர் வண்டி வந்தது. அது வர வேண்டிய வேளையில் வந்தது. அதன் பின்னால், வர வேண்டிய வேளையில், பெரம்பூர் வண்டி வந்தது. பெரம்பூர் வண்டி கிளம்பி இடம் விட்டதும் அயனாவரம் வண்டி அந்த இடத்தில் வந்து நின்றது. அது போனதும் சைதாப்பேட்டை வண்டி, அது போனதும் மயிலாப்பூர் வண்டி, அது போனதும் ராயபுரத்து வண்டி. ஒன்று வந்து ஒன்று போய், ஒன்று போய் ஒன்று வந்து, ஒன்றும் ஒன்றை இடிக்காமல், ஒன்றும் ஒன்றுக்காகக் காத்திருக்காமல், பாதி வாழ்நாளாக அவர் முதுகுக்குப் பின்னால் காகிதத்தில் ஒட்டிக்கிடந்த அந்தக் கோடுகள் எல்லாம் சிவப்பு வண்டிகளாகி அவர் கண் முன்னால் ஓடின. மழை வண்டியும் வந்தது, தன் வேளைக்கு, தனக்கென்று யாரும் வழிவிடாமலே. அதனுள்ளே வழக்கம் போல் கொட்டிக்கொண்டிருந்தது. ஞானப்பிரகாசம் படியில் நின்று தலையைத் துடைத்துக்கொண்டே அவருக்கு வணக்கம் வைத்தார்.

மற்ற எந்த வண்டியிலும் ஒரு சொட்டு விழவில்லை.

ஒவ்வொரு வண்டியிலும் ஜனங்கள் குடத்தின் வாயைத் திறந்து வைத்துக்கொண்டு, கழுத்தை அண்ணாந்து கூரையைப் பார்த்தபடி போனார்கள். பிள்ளைகள் வாயைத் திறந்து வைத்திருந்தார்கள். கைகளில் சோப்பு காய்ந்தது. ஒருவரும் ஜன்னலுக்கு வெளியே பார்க்கவில்லை, ஒருவரும் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. பூபாலனுக்கு நெஞ்சு நிறைந்து யாரிடமாவது சொல்ல வேண்டும் போலிருந்தது. பக்கத்தில் கைக்குடத்தோடு நின்றவரிடம் சொன்னார்.

"பாருங்க சார். எல்லா வண்டியும் அதது நேரத்துக்கு வருது."

அந்த மனிதர் அவரை மேலும் கீழும் பார்த்தார். "தண்ணி எங்க?" என்றார்.

மதியத்துக்குள் ஏச ஆரம்பித்தார்கள். மாலையில் வியாசர்பாடிப் பக்கம் ஒரு வண்டியின் கண்ணாடியை உடைத்தார்கள். அந்த வண்டி உடைந்த கண்ணாடியோடும் நேரத்துக்கு வந்து சேர்ந்தது.

மறுநாள் வந்த புகார்களைப் போல் அந்த அலுவலகம் அதுவரை கண்டதில்லை. மழை பெய்யவில்லை என்று வந்தவை பாதி. மீதி வேறு வகை. என்றைக்கும் தாமதமாக வரும் வண்டி சொல்லாமல் கொள்ளாமல் சரியாக வந்து போய்விட்டதால் வேலைக்கான நேர்முகத் தேர்வு போயிற்று என்று ஒருவர் எழுதியிருந்தார். வண்டி வர நேரமாகும் என்று நம்பித்தான் அடுப்பில் சாம்பாரை வைத்தேன், அதை இறக்குவதற்குள் வண்டி போய்விட்டது, இதற்கு யார் பொறுப்பு என்று ஒரு பெண் கேட்டிருந்தாள். நேரத்துக்கு ஓட்டுவது பொதுமக்களை ஏமாற்றும் வேலை என்று ஒரு வழக்கறிஞர் நோட்டீஸ் அனுப்பியிருந்தார்.

"இவ்வளவு செலவு பண்ணி என்ன கண்டோம்?" என்றார் நிர்வாக இயக்குநர்.

"வண்டி நேரத்துக்கு ஓடிச்சு சார்."

"அத யார் கேட்டாங்க?"

பூபாலனைச் சீருடைக் கிடங்குக்கு மாற்றினார்கள். ஓட்டுநர்களுக்கும் நடத்துநர்களுக்கும் காக்கித் துணி அளந்து கொடுக்கும் பிரிவு அது, தண்டையார்பேட்டையில் இருந்தது. ஜீப் கிடையாது. டயர்கள் எங்கிருந்து வந்தனவோ அங்கேயே போயின. மூடிய ரோட்டை, உள்ளே எதையோ மறந்து வைத்துவிட்டவர்கள் போல், மறுபடி தோண்டினார்கள்.

புதிதாக வந்த கண்காணிப்பாளர் எந்த வண்டிக்கும் தனிச் சலுகை கிடையாது என்றார். மழை வண்டி மற்ற வண்டிகளோடு சேர்ந்து மாட்டிக்கொண்டது. மழை தூறலாயிற்று, தூறல் பிசுபிசுப்பாயிற்று, பிறகு ஜன்னல் கண்ணாடியில் மட்டும் ஆவி படிந்தது, பிறகு அதுவும் இல்லை. ஜனங்கள் அதற்காகத் துக்கப்படவில்லை. குடங்களைத் தூக்கிக்கொண்டு தண்ணீர் லாரிக்குப் போய் வரிசையில் நின்றார்கள். தவளைகள் எப்போது இறங்கின, எந்த நிறுத்தத்தில் இறங்கின என்று யாருக்கும் தெரியாது.

ஐப்பசியில் வானம் தானாகவே பெய்தது. பணிமனையில் கழற்றி மாட்டிய கூரை வழியாக மழை வண்டிக்குள் தண்ணீர் ஒழுகியது. ஒருவரும் குடம் ஏந்தவில்லை. கூரை ஒழுகுகிறது என்று புகார் எழுதினார்கள்.

அப்படி ஒரு மழை நாளில், கிடங்கைப் பூட்டிவிட்டு, தண்டையார்பேட்டை நிறுத்தத்தில் குடை பிடித்துக்கொண்டு பூபாலன் நின்றார். ஜீப் போன பிறகுதான் அவர் வண்டிக்குக் காத்திருக்கக் கற்றுக்கொண்டிருந்தார். வெகு நேரமாக நின்றார். எட்டிப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார், பல்லைக் கடித்தார், மறுபடி எட்டிப் பார்த்தார். இது எந்த வண்டி, இந்நேரம் எங்கே இருக்க வேண்டும், அதற்கு முந்தைய வண்டி எங்கே போயிற்று என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். அது காத்திருப்பதை இன்னும் கொடுமையாக்கியது. கன்னியம்மா தலையில் கோணிப்பையைக் கவிழ்த்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றாள். அவரை அடையாளம் கண்டுகொண்டாள்.

"இன்னா சார், நீயும் நிக்கறியா?"

"நிக்கறேன்மா."

"பேஜார் புடிச்ச வண்டி. நீ இருந்தப்பவும் இப்டித்தான்."

அவருக்குச் சுருக்கென்றது. ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் அவளே சொன்னாள்.

"ஒரு நாள் மட்டும் வந்துச்சு சார். உன் மழயெல்லாம் வுடு, அத்த சொல்லல. கொத்தவால்சாவடிக்கு நான் காலையில போவேனே, காய் எடுக்க, அந்த வண்டி. என் சர்வீஸ்ல அன்னிக்கி ஒரு நாள்தான் கரெக்டா வந்துச்சு. நான் அது வராதுன்னு டீ குடிச்சிக்கினு இருந்தேன். கிளாஸ கீழ வெக்கறதுக்குள்ள பூடுச்சு. பின்னாலயே ஓடனேன், சிக்கல."

"என்னைக்கு?"

"உனக்குத் தெரியாதா என்னைக்குன்னு."

மழை குடையில் அடித்துக்கொண்டிருந்தது.

"கஷ்டமாப் போச்சா?" என்று பூபாலன் கேட்டார்.

"போச்சு. அன்னிக்கி யாவாரம் படுத்துச்சு. ஆனா நல்லா இருந்துச்சு சார் பாக்க. அந்த மாதிரி போய்க்கினே இருந்துச்சு."

தூரத்தில் வெளிச்சம் தெரிந்தது. வண்டி வந்தது, வழிய வழிய ஆளோடு, ஒரு பக்கமாகச் சாய்ந்தபடி வந்தது. நிறுத்தத்தில் நிற்காமல், தேங்கிய சேற்றை அவர்கள் மீது வாரி இறைத்துவிட்டு, வெகு தூரம் தள்ளிப் போய் நின்றது.

"வா சார்" என்றாள் கன்னியம்மா.

முன்னாள் போக்குவரத்துக் கண்காணிப்பாளர் குடையை மடக்கினார். வேட்டியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு, ஓட்டுநரை வாய்விட்டுத் திட்டியபடி, அவளுக்குப் பின்னால் மழையில் ஓடினார்.